சாப்ளினுக்கும் ஒரு வாத்தியார்!



நம்ம ஆண்டு மலர்களைப் புரட்டிப் பார்த்தால் எடிசன் இருப்பார், விஸ்வேசுவரய்யா இருப்பார், அன்னை தெரசா இருப்பார். சினிமா என்று வந்தால் சார்லி சாப்ளின் கட்டாயம் இருப்பார். நானும் சாப்ளினைப் பற்றி எழுதலாம் என்றுதான் பேனாவை எடுத்தேன். அதற்காகப் படித்துக்கொண்டு போனபோது ஒரு விஷயம் கண்ணில் பட்டது. சாப்ளின் தன்னுடைய போட்டோ ஒன்றில் கையெழுத்துப் போட்டு ஒரு நடிகருக்குக் கொடுத்திருக்கிறார். அதில் அந்த நடிகரைத் தன் ஆசான் என்றும், தன்னை அவருடைய சீடன் என்றும் எழுதியிருக்கிறார். உலகத்தையே சிரிக்க வைத்த சாப்ளினுக்கு ஒரு வாத்தியாரா? யாருப்பா அது?

அவர் பெயர் மேக்ஸ் லிண்டர். பிரான்ஸ் நாட்டுக்காரர். சாப்ளின் கேமரா முன்னால் வந்து நின்றது 1914-ல். அதற்கு முன்பே ஐரோப்பா முழுக்க முகத்தைப் பார்த்தவுடன் ஜனங்கள் அடையாளம் கண்டுகொண்ட சினிமா நடிகர் இவர்தான். இன்றைக்கு நம் கல்லூரியில் பத்துப் பேரைக் கேட்டால் பத்துப் பேரும் தெரியாது என்பார்கள். போன மாசம் வரைக்கும் எனக்கும் தெரியாது.

ஒரு விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். படத்தில் வருகிற மேக்ஸை நான் அவன் என்று எழுதுவேன். நடித்த லிண்டரை அவர் என்று எழுதுவேன். இரண்டு பேருக்கும் முகம் ஒன்றுதான், ஆனால் வாழ்க்கை வேறு.

பிரான்சின் தென்மேற்கே போர்தோ என்ற ஊர், திராட்சை ஒயினுக்குப் பெயர் போனது. அதன் பக்கத்தில் சேன் லூபேஸ் என்ற கிராமத்தில் 1883 டிசம்பர் 16-ஆம் தேதி பிறந்தவர் லிண்டர். பெற்றவர்கள் வைத்த பெயர் கேப்ரியல் மேக்சிமிலியன் லெவியேல். குடும்பத்துக்குத் திராட்சைத் தோட்டம்தான் சொத்து. மகனும் அதையே பார்த்துக்கொள்வான் என்று வீட்டில் நினைத்தார்கள். பையனுக்கோ நாடகப் பைத்தியம்! எங்க வீட்டிலும் நான் பாலிடெக்னிக் போறேன்னு சொன்னப்ப, அப்போ வயலை யாரு பார்ப்பாங்க என்பதுதான் முதல் கேள்வியாக வந்தது. எங்க அப்பா ஒரே வாரத்தில் இறங்கி வந்துட்டார். லிண்டர் கொஞ்சம் அதிகமாகவே போராட வேண்டியிருந்திருக்கும் போல. படிப்பது தொழில் என்றால் சமாதானம் சொல்லலாம், நடிப்பு என்றால் எந்த அப்பா ஒத்துக்கொள்வார்?

போர்தோவில் நாடகப் பள்ளியில் சேர்ந்து பரிசு வாங்கினார். அங்கேயே மேடைகளில் நடித்தார். பிறகு பாரிஸ் போனார். பாரிசின் பெரிய நாடகப் பள்ளியில் இடம் கேட்டு விண்ணப்பித்தார், கிடைக்கவில்லை. சின்னச் சின்ன வேஷங்கள் போட்டு நாடகக் கம்பெனிகளில் காலம் தள்ளினார். 1905-ல் பாத்தே கம்பெனியின் சினிமாவில் நடிக்கக் கூப்பிட்டார்கள், போனார்.

இங்கே அந்தக் காலத்து பிரெஞ்சு சினிமாவைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். லூமியேர் சகோதரர்கள் 1895 டிசம்பர் 28-ஆம் தேதி பாரிசில் ஒரு ஓட்டலின் அடித்தளத்தில் காசு வாங்கிக்கொண்டு படம் காட்டினார்களே, அந்தப் படங்களிலேயே ஒரு சிரிப்புப் படம் இருந்தது. தோட்டக்காரர் ரப்பர் குழாயில் தண்ணீர் பாய்ச்சுகிறார். ஒரு பொடியன் பின்னால் வந்து குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நிற்கிறது. தோட்டக்காரர் குழாய் வாயை உற்றுப் பார்க்கிறார், பொடியன் காலை எடுக்கிறான். சர்ர்ர்! ஒரு நிமிஷம்கூட ஓடாத படம். கதை வைத்து எடுத்த முதல் சிரிப்புப் படமென்று இதைத்தான் பெரும்பாலும் சொல்கிறார்கள்.

அதற்குப் பிறகு பத்து வருஷத்தில் சேவல் சின்னம் போட்ட பாத்தே கம்பெனி உலகத்திலேயே பெரிய சினிமாக் கம்பெனியாக வளர்ந்துவிட்டது. பிரெஞ்சுப் படங்கள் போகாத தேசம் இல்லை. நம்ம திருச்சியில் ரயில்வேயில் வரைவாளராக வேலை பார்த்த சாமிக்கண்ணு வின்சென்ட், டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம் புரொஜெக்டரையும் படச்சுருள்களையும் விலைக்கு வாங்கி ஊர் ஊராகப் போய்ப் படம் காட்டியதும் அதே 1905-ல்தான். (டிராயிங் போர்டில் வேலை பார்த்தவர்தான் தமிழ்நாட்டுக்கு சினிமா கொண்டுவந்தார் என்பதை நம் டிராயிங் சாருக்கு இந்த இடத்தில் தெரிவித்துக்கொள்கிறேன்!)

ஆனால் அன்றைக்கு பிரான்சில் சினிமாவுக்கு மதிப்புக் கிடையாது. திருவிழாக் கொட்டகையில் காட்டுகிற வேடிக்கை என்றுதான் நாடகக்காரர்கள் நினைத்தார்கள். அதனால் நாடகத்தில் ஒரு பெயர், சினிமாவில் ஒரு பெயர் என்று வைத்துக்கொண்டார் நம் ஆள். சினிமாவுக்கு வைத்த பெயர்தான் மேக்ஸ் லிண்டர். மதிப்பில்லாத தொழிலுக்கென்று வைத்த பெயர்தான் கடைசியில் நிலைத்தது.

அப்போது வந்த சிரிப்புப் படங்களில் பாதி ஓட்டம், பாதி உதை. ஒருத்தன் ஓடுவான், பின்னால் போலீஸ்காரர், சமையல்காரி, பால்காரர் என்று ஊரே துரத்தும். தட்டு உடையும், வண்டி கவிழும். பாத்தேயில் ஆந்த்ரே தீத் என்ற நடிகர் இந்த வகையில் பெரிய ஆளாக இருந்தார். அவர் இத்தாலிக் கம்பெனிக்குப் போனதும் அந்த இடம் காலியானது. லிண்டருக்கு வாய்ப்பு வந்தது.

லிண்டர் என்ன செய்தார் தெரியுமா? சிரிப்பு நடிகர் என்றால் கிழிந்த சட்டை, கோணல் முகம், பெரிய மூக்கு என்று இருந்த வழக்கத்தை விட்டுவிட்டார். பளபளக்கும் பட்டுத் தொப்பி, கோட்டு, கையுறை, கையில் பிரம்பு, அளவாக வெட்டிய மீசை. பார்த்தால் மாப்பிள்ளை மாதிரி இருப்பான் மேக்ஸ். பணக்கார வீட்டுப் பையன், வேலை வெட்டி கிடையாது, அழகான பெண்ணைப் பார்த்தால் பின்னாலேயே போவான். 1907-ல் வந்த பனிச்சறுக்குப் படத்தில்தான் இந்த உடுப்போடு முதலில் வந்தான் என்று சொல்கிறார்கள். உறைந்து கிடக்கிற ஏரியில் சக்கரமில்லாத சறுக்குக் காலணியை மாட்டிக்கொண்டு இறங்குகிறான். விழுகிறான், எழுகிறான், மறுபடி விழுகிறான்.

யார் வேண்டுமானாலும் வழுக்கி விழலாம், அதில் என்ன சிரிப்பு என்று கேட்கலாம். நானும் யோசித்துப் பார்த்தேன். கிழிந்த சட்டைக்காரன் விழுந்தால் அவனிடம் கெடுவதற்கு ஒன்றும் இல்லை. மேக்ஸ் விழும்போது அவனுடைய மரியாதையும் சேர்ந்து விழுகிறது. அதை யாரும் பார்க்கவில்லை என்பது போல எழுந்து தொப்பியைச் சரி செய்கிறான் பாருங்க, அங்கேதான் சிரிப்பு வருகிறது. நம் வகுப்பில் பெஞ்சிலிருந்து விழுந்தவன் எதுவும் நடக்காத மாதிரி நோட்டைப் புரட்டுவான் இல்லையா, அதே கதை.

1910-ல் எடுத்த குளியல் படத்தை நம் ஹாஸ்டல் நண்பர்கள் அவசியம் பார்க்க வேண்டும். டாக்டர் மேக்ஸைத் தினமும் குளிக்கச் சொல்கிறார். அவன் பெரிய குளியல் தொட்டி ஒன்றை வாங்கி வருகிறான். அறையில் குழாய் இல்லை. மாடி வராந்தாவில் எல்லோருக்கும் பொதுவாக ஒரே குழாய்தான். சின்னப் பாத்திரத்தில் தண்ணீர் பிடித்து வந்து தொட்டியில் ஊற்றி ஊற்றிப் பார்க்கிறான், எப்போது நிறைவது? சரி, தண்ணீர் தொட்டிக்கு வராவிட்டால் தொட்டி தண்ணீரிடம் போகட்டும் என்று தொட்டியையே வராந்தாவுக்கு இழுத்து வந்து குழாய்க்கு அடியில் போட்டுக் குளிக்க ஆரம்பித்துவிடுகிறான்! குடியிருப்பவர்கள் அலறுகிறார்கள். போலீஸ் வருகிறது. எழுந்திருக்க முடியாது, உடம்பில் துணி இல்லை. தொட்டியோடு தூக்கிக்கொண்டு ஸ்டேஷனுக்குப் போகிறார்கள். அங்கிருந்து தொட்டியை முதுகில் கவிழ்த்துக்கொண்டு ஆமை மாதிரி தப்பிக்கிறான். காலை ஆறு மணிக்கு வாளியோடு வரிசையில் நின்றவர்களுக்கு இந்தப் படம் மற்றவர்களைவிட நன்றாகப் புரியும்.

எனக்கு இன்னும் பிடித்தது 1911-ல் வந்த மருந்து ஒயின் படம். உடம்பு தேறுவதற்காக டாக்டர் தினம் ஒரு கிளாஸ் சின்கோனாப் பட்டை கலந்த ஒயின் சாப்பிடச் சொல்கிறார். வீட்டில் இருக்கும் கிளாஸோ குடம் மாதிரி பெரிசு. மருந்துதானே என்று முழுக்கக் குடித்துவிட்டு மேக்ஸ் தெருவுக்கு வருகிறான். போகிற இடத்திலெல்லாம் பெரிய மனிதர்களோடு தகராறு. ஒருவர் போலீஸ் அதிகாரி, ஒருவர் தூதர், ஒருவர் மந்திரி. சண்டைக்கு நாள் குறிக்க ஆளாளுக்குத் தன் முகவரி அட்டையை மேக்ஸிடம் கொடுத்துவிட்டுப் போகிறார்கள், அது அந்த ஊர் வழக்கம். போதையில் கிடக்கும் மேக்ஸின் பையைத் துழாவும் போலீஸ்காரர் அட்டையைப் பார்த்து, அய்யய்யோ இவர் பெரிய மனிதர் என்று சலாம் அடித்து, அந்த அட்டையில் இருக்கும் வீட்டுக்கே பத்திரமாகக் கொண்டுபோய் விடுகிறார்! வீட்டுக்காரர் உதைத்து வெளியே தள்ளுகிறார். அடுத்த போலீஸ்காரர் கையில் அடுத்த அட்டை... ஒரு வசனம் கிடையாது. ஆனால் அட்டைக்குக் கிடைக்கிற சலாம் ஆளுக்குக் கிடைக்காது என்பது நமக்கு விளங்கிவிடுகிறது.

அந்தக் காலத்தில் கேமராவை மோட்டார் ஓட்டவில்லை. கேமராமேன் கையால் சுற்ற வேண்டும். ஒரு சுற்றுக்கு 8 படம், விநாடிக்கு இரண்டு சுற்று, ஆக 16 படம். பிற்காலத்தில் வந்த பேசும்படம் விநாடிக்கு 24. பழைய படத்தைப் புது வேகத்தில் ஓட்டினால் எல்லோரும் தபதபவென்று ஓடுகிற மாதிரி தெரிவதற்கு அதுதான் காரணம். சரியான வேகத்தில் பார்த்தால் லிண்டர் ரொம்ப நிதானம். கண்ணும் புருவமும் பேசுகிறது. விழுந்து புரளாமலே சிரிக்க வைக்கலாம் என்று சாப்ளினுக்கு இவர் படங்கள்தான் காட்டிக்கொடுத்திருக்க வேண்டும்.

1912, 1913-ல் லிண்டர் ஸ்பெயின், ஜெர்மனி, ரஷ்யா என்று சுற்றுப்பயணம் போனார். போன இடமெல்லாம் கூட்டம். ரஷ்யாவில் அவருக்குப் பியானோ வாசித்தவர் டிமித்ரி தியோம்கின் என்ற இளைஞர். பிற்காலத்தில் ஹாலிவுட் போய் இசைக்கு ஆஸ்கார் வாங்கியவர். நடிகருக்கு ரசிகர் கூட்டம் என்ற ஒன்று உலகத்தில் ஆரம்பித்த காலம் அது.

1914 ஆகஸ்டில் முதல் உலகப் போர் வெடித்தது. லிண்டரும் போர்ச் சேவைக்குப் போனார். அவர் செத்துவிட்டதாகவே பத்திரிகையில் செய்தி வந்து, பிறகு இல்லை என்று தெரிந்தது. உயிரோடு வந்தார். ஆனால் உடம்பு பழையபடி தேறவில்லை. உடம்பைவிட மனசு ரொம்பக் கெட்டுப்போனது. சிரிக்க வைக்கிறவர் தனிமையில் இருண்டு போய் உட்கார்ந்திருப்பாராம்.

இதற்குள் அமெரிக்காவில் சாப்ளின் வளர்ந்துவிட்டார். எஸ்ஸனே என்ற கம்பெனியை விட்டுவிட்டு 1916-ல் அவர் வாரம் 10,000 டாலருக்கு வேறு கம்பெனிக்குப் போனதும், அந்த இடத்தை நிரப்ப எஸ்ஸனே ஆட்கள் லிண்டரைக் கூப்பிட்டார்கள். சீடன் காலி செய்த நாற்காலியில் குருவை உட்கார வைத்த கதை! 12 படத்துக்கு ஒப்பந்தம், 1917-ல் மூன்று படம்தான் வந்தது. எதிர்பார்த்த அளவு ஓடவில்லை, உடம்பும் படுத்துவிட்டது, திரும்பிப் போனார். பாரிசில் போய்சோனியேர் சாலையில் தன் பெயரிலேயே ஒரு தியேட்டர் வைத்திருந்தார். 

மறுபடி அமெரிக்கா போய்ச் சொந்தப் பணத்தைப் போட்டு மூன்று முழு நீளப் படங்கள் எடுத்தார். அதில் 1921-ல் வந்த 'ஏழு வருஷ துரதிர்ஷ்டம்' படத்தின் கண்ணாடிக் காட்சியைச் சொல்லாமல் விட முடியாது. வேலைக்காரன் எஜமானுடைய ஆளுயரக் கண்ணாடியை உடைத்துவிடுகிறான். புதுக் கண்ணாடி வரும்வரை தெரியக்கூடாதே! சமையல்காரருக்கு மேக்ஸ் மாதிரியே உடுப்பு மாட்டி, வெறும் சட்டத்துக்குப் பின்னால் நிற்க வைக்கிறார்கள். மேக்ஸ் முதல் நாள் ராத்திரிக் குடித்த மயக்கத்தோடு சவரம் செய்ய வருகிறான். இவன் கையைத் தூக்கினால் அவர் கையைத் தூக்குகிறார். இவன் முகத்தைக் கோணினால் அவரும் கோணுகிறார். கம்ப்யூட்டரும் இல்லை, கேமரா தந்திரமும் இல்லை. இரண்டு மனுஷர்கள் பழகிப் பழகிச் செய்தது, அவ்வளவுதான். மேக்ஸுக்குச் சந்தேகம் வருகிறது. அவன் கண்டுபிடிப்பதற்குள் உண்மையான கண்ணாடியே வந்து மாட்டியாகிவிடுகிறது. மோசடிக்காரனை அடிப்பதாக நினைத்து ஷூவை வீசுகிறான்... புதுக் கண்ணாடி சுக்கு நூறு! கண்ணாடி உடைந்தால் ஏழு வருஷம் கெட்ட நேரம் என்பது அவர்கள் ஊர் நம்பிக்கை. 1933-ல் மார்க்ஸ் சகோதரர்கள் படத்தில் வந்த பிரபலமான கண்ணாடிக் காட்சியைப் பார்த்தவர்களுக்கு இது எங்கேயோ பார்த்த மாதிரி இருக்கும். இது அதற்கு 12 வருஷம் முந்தியது.

1922-ல் 'மூன்று மஸ்கட்டியர்கள்' கதையைக் கிண்டல் செய்து ஒரு படம் எடுத்தார். வாள் வீரர்கள் டெலிபோனில் பேசுவார்கள், மோட்டார் சைக்கிளில் போவார்கள். இன்றைக்கு நாம் ஸ்பூஃப் என்று சொல்லிக்கொண்டு பார்க்கிறோமே, அதேதான். மூன்று படமும் அவர் நினைத்த உயரத்துக்குப் போகவில்லை. பிரான்சுக்குத் திரும்பிவிட்டார்.

இனி எழுதப் போவதை எழுதலாமா வேண்டாமா என்று மூன்று நாள் யோசித்தேன்.

1923-ல் லிண்டர் நினெட் பீட்டர்ஸ் என்ற பெண்ணைத் திருமணம் செய்துகொண்டார். அவருக்கு 39 வயது. அந்தப் பெண் என் வயசுக்காரி. மறு வருஷம் ஜூன் மாதம் மோட் என்ற பெண் குழந்தை பிறந்தது. லிண்டருக்கு மனநோய் முற்றிக்கொண்டே போனது. மனைவி மேல் காரணமில்லாத சந்தேகம். 1924-ல் வியன்னாவில் இருந்தபோதே இரண்டு பேரும் சாகும் நிலைக்குப் போய்ப் பிழைத்தார்கள். 1925 அக்டோபர் கடைசியில், பாரிஸ் ஓட்டல் அறை ஒன்றில், பிழைக்கவில்லை. லிண்டருக்கு 41 வயது. குழந்தைக்கு ஒன்றரை வயதுகூட ஆகவில்லை.

இரண்டு பேரும் சேர்ந்து எடுத்த முடிவு என்று சிலர் எழுதுகிறார்கள். அந்தப் பெண்ணை அவர்தான் அந்த முடிவுக்கு இழுத்துப் போனார் என்று பலர் எழுதுகிறார்கள். என் மனசு இரண்டாவது பக்கம்தான் நிற்கிறது. போர் அவரைக் கெடுத்தது, நோய் அவரைக் கெடுத்தது, எல்லாம் சரி. அன்றைக்கு இந்த நோய்க்கு இன்றைக்கு இருக்கிற மாதிரி மருந்தும் கிடையாது. இருந்தாலும் அந்தப் பெண் என்ன பாவம் செய்தாள்? இதைப் படித்த ராத்திரி குளியல் படத்தை மறுபடி போட்டுப் பார்த்தேன். சிரிப்பு வரவில்லை. சாப்ளினைப் பற்றியே எழுதிக் கொடுத்துவிடலாம், யாருக்கும் வம்பில்லை என்று நினைத்துத் தாளைக் கிழித்துப் போட்டேன்.

மறுபடி எழுத வைத்தது அந்தக் குழந்தைதான். மோட், அம்மாவைப் பெற்ற பாட்டியிடம் வளர்ந்தார். அப்பா யார், என்ன செய்தார் என்ற பேச்சே இல்லாமல் வளர்ந்தார். பெரியவளான பிறகுதான் அப்பாவின் படத்தை முதல்முதலாகத் திரையில் பார்த்தார். அப்பாவின் முகம் அசைவதை அதற்கு முன் அவர் பார்த்ததே இல்லை. அதற்குள் லிண்டரை உலகம் மறந்தே போயிருந்தது. அந்தக் காலத்து பிலிம் நைட்ரேட் பிலிம். சீக்கிரம் தீப்பிடிக்கும், சரியாக வைக்காவிட்டால் அழுகிப் பொடியாகும். நூற்றுக்கணக்கில் எடுத்த படங்களில் நிறைய போயே போய்விட்டன. மிச்சம் இருந்தவை ஒவ்வொரு தேசத்தில் ஒவ்வொரு மூலையில் கிடந்தன. மோட் அவற்றைத் தேடிச் சேர்ப்பதையே ஆயுள் வேலையாக எடுத்துக்கொண்டார். அமெரிக்காவில் எடுத்த மூன்று படங்களிலிருந்து தொகுத்து 1963-ல் ஒரு படம் வெளியிட்டார். 1983-ல் பட்டுத் தொப்பி மனிதர் என்ற பெயரில் அப்பாவைப் பற்றி ஆவணப்படம் எடுத்தார். 1992-ல் புத்தகம் எழுதினார். 2017-ல் தன் 93-ஆம் வயதில் காலமானார்.

அப்பா மேல் அவருக்குக் கோபம் இருந்திருக்காதா? இருந்திருக்கும். தன்னையும் அனாதையாக்கி, அம்மாவையும் கொண்டுபோன மனிதர். ஆனால் அந்தப் படங்கள் அழுகிப்போகட்டும் என்று அவர் விடவில்லை. கோபத்தையும் வைத்துக்கொண்டே படச்சுருளையும் தேடியிருக்கிறார். அவருக்கே அது முடிந்தது என்றால், நான் இரண்டையும் எழுதுவதில் தப்பில்லை என்று தோன்றியது.

லிண்டரைச் சொந்தக் கிராமத்திலேயே அடக்கம் செய்தார்கள், சிறு வயதில் விட்டு ஓடிவந்த அதே திராட்சைத் தோட்டத்து ஊரில். பாரிசில் அவர் பெயர் வைத்த தியேட்டர் பலமுறை மாறி, புதுப்பிக்கப்பட்டு, மேக்ஸ் லிண்டர் பனோரமா என்ற பெயரில் இன்றும் படம் ஓட்டுகிறது.

போன வாரம் ஹாஸ்டலில் தண்ணீர் வராத ஒரு காலையில், வரிசையில் நின்ற பசங்களுக்கு என் செல்போனில் குளியல் படத்தைப் போட்டுக் காட்டினேன். வாளியைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தார்கள். என்னை அறியாமல் நானும் சிரித்துவிட்டேன். தண்ணீர் வந்ததுகூடத் தெரியவில்லை. யாருடா இந்த ஆளு, அப்புறம் என்ன ஆனார் என்று ஒருத்தன் கேட்டான். ஆண்டு மலர் வரட்டும், படிச்சுக்கோ என்று சொல்லி வைத்திருக்கிறேன்.